கடைக்கார அக்கா பொய் சொல்லவில்லை என்றே வைத்துக்கொள்வோம்

கேள்வி: ஐயா, வணக்கம். நாங்கள் சுங்கை சிப்புட் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் இருக்கிறோம். நான் முன்பு பால் வெட்டினேன், இப்போது வீட்டில்தான். மகனுக்கு 24 வயது, மோட்டார் பட்டறையில் வேலை. போன வருஷம் ஒரு நாள் இரவு எட்டு மணிக்குக் கொஞ்சம் முன்னால், தோட்டத்து முகப்பில் இருக்கும் மளிகைக் கடைக்கு மோட்டாரில் இரண்டு பேர் வந்து, பாராங் கத்தியைக் காட்டி, கல்லாவில் இருந்த 1,400 வெள்ளியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். இரண்டு பேரும் ஹெல்மட் போட்டிருந்தார்கள். பாராங் வைத்திருந்தவன் கண்ணாடியை மேலே தூக்கியிருந்தானாம். அது என் மகன்தான் என்று கடைக்கார அக்கா கோர்ட்டில் கை காட்டினார். சின்ன வயதிலிருந்து அவர் கடையில்தான் அவன் மிட்டாய் வாங்கினான். ஆனால் அன்று இரவு அவர் போலீஸ் பாலாயில் கொடுத்த புகாரில் ‘இரண்டு இந்திய ஆடவர்கள், ஒருவன் ஒல்லி’ என்றுதான் இருக்கிறது, பெயர் இல்லை. மூன்று நாள் கழித்து ஒரு போலீஸ்காரர் கைப்பேசியில் என் மகனின் படத்தைக் காட்டியிருக்கிறார். அதன் பிறகுதான் பிடித்தார்கள். அடையாள அணிவகுப்பு வைக்கவில்லை. பணமும் பாராங்கும் கிடைக்கவில்லை. எங்கள் கறுப்பு மோட்டாரை மட்டும் எடுத்துப் போனார்கள். ஜாமீன் கிடைக்கும் வரை நான்கு மாதம் உள்ளே இருந்தான். போன வாரம் செஷன்ஸ் கோர்ட்டில் 6 வருஷம் ஜெயில், 2 ரோத்தான் பிரம்படி என்று தீர்ப்பு. அன்று அவன் பட்டறையில் இருந்தான். முதலாளி அப்போது சாட்சி சொல்லப் பயந்தார், இப்போது வருகிறேன் என்கிறார். மேல்முறையீடு போட்டால் தண்டனை கூடிவிடும் என்று சொந்தக்காரர்கள் பயமுறுத்துகிறார்கள். ஒருவர் 8,000 வெள்ளி கொடுத்தால் முடித்துத் தருகிறேன் என்கிறார். நீதிபதிக்கு மன்னிப்புக் கடிதம் எழுதலாமா? அந்த அக்கா ஏன் இப்படிப் பொய் சொன்னார் என்று அவர் வீட்டுக்கே போய்க் கேட்கலாம் என்றிருக்கிறேன்.

பதில்: அம்மா, கடிதம் வந்த அன்றே நீங்கள் எழுதியிருந்த எண்ணுக்குக் கூப்பிட்டு ஒரு விஷயத்தை மட்டும் சொன்னேன். மற்றவர்களுக்கும் உதவும் என்பதால் அதையே முதலில் எழுதுகிறேன். தீர்ப்பு சொன்ன நாளிலிருந்து 14 நாட்களுக்குள் மேல்முறையீட்டு அறிவிப்பு போய்ச் சேர வேண்டும். மலேசியக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 307-ஆவது பிரிவு அது. உயர்நீதிமன்றத்துக்குத்தானே மேல்முறையீடு என்று நினைத்து ஈப்போவுக்குப் பஸ் ஏறாதீர்கள். அறிவிப்பைத் தீர்ப்பு சொன்ன அதே செஷன்ஸ் நீதிமன்றத்தின் பதிவகத்தில்தான் கொடுக்க வேண்டும். சிறையில் இருப்பவருக்கு 308-ஆவது பிரிவு இன்னொரு வழியும் வைத்திருக்கிறது. சிறை அதிகாரியிடம் வாய்மொழியாகவோ எழுத்திலோ ‘மேல்முறையீடு செய்கிறேன்’ என்று சொன்னால் அது கணக்கில் சேரும். இப்போதே காரணங்களை அடுக்க வேண்டியதில்லை. குற்றத் தீர்ப்பு, தண்டனை இரண்டையும் எதிர்ப்பதாக இருக்க வேண்டும், அவ்வளவுதான். பலர் தண்டனையை மட்டும் எழுதிக் கொடுத்துவிட்டு, ஆறு மாதம் கழித்து ‘அவன் செய்யவே இல்லை சார்’ என்று வருவார்கள். நாள் தவறினால் உயர்நீதிமன்றத்திடம் அவகாசம் கேட்கலாம். ஆனால் தாமதத்துக்குக் காரணம் காட்ட வேண்டியிருக்கும். ‘தெரியாமல் போச்சு’ என்பது அங்கே அதிகம் எடுபடாது.

சரி, இப்போது அந்த அக்கா விஷயம்.

உங்கள் கடிதத்தில் அவர் பொய் சொன்னார் என்று எழுதியிருக்கிறீர்கள். அம்மாவின் கோபம் புரிகிறது. ஆனால் மேல்முறையீட்டை அந்தப் பாதையில் கொண்டுபோனால் தோற்றுவிடுவீர்கள். அவருக்கு உங்கள் மகன் மேல் பகை இல்லை. காசு வாங்கவில்லை. சத்தியம் செய்துவிட்டு நின்று சாட்சி சொன்னார். நீதிபதி அவர் முகத்தைப் பார்த்தார், குரலைக் கேட்டார், நம்பினார். மேல்முறையீட்டில் இருக்கும் நீதிபதி அவரைப் பார்க்கப்போவதில்லை, காகிதத்தை மட்டும்தான் படிப்பார். அதனால் ஒரு சாட்சி நம்பத்தக்கவரா இல்லையா என்று விசாரணை நீதிபதி எடுத்த முடிவில் மேல் நீதிமன்றம் லேசில் கை வைக்காது. ‘அவர் பொய்யர்’ என்ற வாதம் பெரும்பாலும் இந்தச் சுவரில்தான் முட்டி நிற்கும்.

நீங்கள் கேட்க வேண்டிய கேள்வி வேறு. அவர் உண்மையை மனதார நம்பிச் சொல்கிறார் என்றே வைத்துக்கொள்வோம். அப்படியும் அவர் தப்பாக இருக்க முடியுமா? முடியும். அடையாளச் சாட்சியத்தில் உள்ள ஆபத்தே அதுதான். பொய்யன் குறுக்கு விசாரணையில் தடுமாறுவான். தப்பாக அடையாளம் கண்ட நேர்மையான சாட்சி தடுமாறவே மாட்டார், ஏனென்றால் அவருக்கு அது உண்மை. அவருடைய உறுதியை வைத்து அவர் சொல்வது சரியா என்று அளக்க முடியாது.

மேல்முறையீடு என்ற ஏற்பாட்டின் சரித்திரத்திலேயே இது இருக்கிறது. லண்டனில் அடால்ஃப் பெக் என்று ஒருவர். பெண்களிடம் ஆசை வார்த்தை பேசி நகையை ஏமாற்றிப் பறித்தவர் என்று 1895-ல் பிடித்தார்கள். ஒருவர் இருவர் அல்ல, பல பெண்கள் ‘இவர்தான்’ என்று கை காட்டினார்கள். 1896-ல் ஏழு வருடத் தண்டனை. 1901-ல் வெளியே வந்தார். 1904-ல் அதே மாதிரிப் புகாரில் மறுபடியும் பிடித்து, மறுபடியும் பெண்கள் கை காட்டி, மறுபடியும் குற்றவாளி என்று தீர்ப்பானது. தண்டனை அறிவிப்பதற்கு முன் உண்மையான ஆள் அதே மாதிரி இன்னொரு மோசடியில் மாட்டினான். அந்தப் பெண்கள் யாரும் கூட்டுச் சேர்ந்து பொய் சொல்லவில்லை. இந்த அநியாயம் கிளப்பிய கொந்தளிப்புதான் இங்கிலாந்தில் 1907-ல் குற்றவியல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அமைய ஒரு பெரிய காரணம். உங்கள் மகன் இன்று தட்டப்போகும் கதவுக்கு முன்னோடி அது.

அப்புறம் 1976-ல் அதே நாட்டு மேல்முறையீட்டு நீதிமன்றம் டர்ன்புல் வழக்கில் ஒரு வழிகாட்டுதல் சொன்னது. நம் நீதிமன்றங்களும் அதைப் பின்பற்றுகின்றன. உங்கள் வழக்கறிஞரின் வாதம் பெரும்பாலும் அதைச் சுற்றித்தான் இருக்கும், அதனால் நீங்களும் தெரிந்துவைத்திருப்பது நல்லது. வழக்கு முழுவதும் அல்லது பெரும்பகுதி அடையாளச் சாட்சியத்தையே நம்பி நிற்கும்போது, அந்தச் சாட்சியம் தப்பாக இருக்கக்கூடும் என்று நீதிமன்றம் தன்னை எச்சரித்துக்கொள்ள வேண்டும். பிறகு, பார்த்த சூழ்நிலையைத் துருவ வேண்டும். எவ்வளவு நேரம் பார்த்தார், எவ்வளவு தூரம், வெளிச்சம் எப்படி, நடுவில் மறைப்பு ஏதும் இருந்ததா, முன்பே தெரிந்த ஆளா, பார்த்ததற்கும் போலீசிடம் அடையாளம் காட்டியதற்கும் இடையில் எத்தனை நாள், முதலில் சொன்ன அங்க அடையாளத்துக்கும் ஆளுக்கும் பொருத்தம் உண்டா. சூழ்நிலை மோசமாக இருந்து, வேறு ஆதரவுச் சாட்சியமும் இல்லை என்றால் குற்றத் தீர்ப்பு நிற்கக் கூடாது. இங்கிலாந்தில் இதை ஜூரிக்குச் சொல்வார்கள். நம் நாட்டில் 1995-ல் ஜூரி முறையை முற்றாக எடுத்துவிட்டார்கள். அதனால் நீதிபதி தனக்குத்தானே சொல்லிக்கொள்கிறார். அப்படிச் சொல்லிக்கொண்டாரா என்பதை அவருடைய தீர்ப்புக் காரணங்களைப் படித்துத்தான் கண்டுபிடிக்க முடியும். எச்சரிக்கை வாசகத்தை ஒரு வரி எழுதிவிட்டு அடுத்த வரியில் ‘சாட்சி உறுதியாக இருந்தார், நம்புகிறேன்’ என்று முடித்திருந்தால் அது போதாது என்று வாதிடலாம். வாசகமே இல்லாவிட்டாலும் வெளிச்சம், தூரம், நேரம் எல்லாவற்றையும் எடைபோட்டிருந்தால், வாசகம் இல்லை என்ற ஒன்றை மட்டும் வைத்து ஜெயிக்க முடியாது.

இதை உங்கள் மகன் வழக்கில் வைத்துப் பார்க்கிறேன். நான் ஆவணத்தைப் பார்க்கவில்லை, உங்கள் கடிதத்தை மட்டும் வைத்துச் சொல்கிறேன்.

எட்டு மணிக்குக் கொஞ்சம் முன்னால் என்கிறீர்கள். நம் ஊரில் சூரியன் மறைந்தால் அரை மணிக்குள் கும்மிருட்டு. அப்படியானால் கடை விளக்குதான் வெளிச்சம். அது ஒற்றைக் குழல் விளக்கா, எங்கே மாட்டியிருந்தது, வந்தவனுக்கு முன்னாலா பின்னாலா? வெளிச்சம் முதுகுப்பக்கம் இருந்தால் ஹெல்மட்டுக்குள் முகம் நிழலாகத்தான் இருக்கும். கண்ணாடி தூக்கியிருந்தாலும் ஹெல்மட் நெற்றியை மூடும், காதை மூடும், தலைமுடியை மறைக்கும், பல ஹெல்மட்டுகள் தாடையையும் மறைக்கும். மிச்சம் இருப்பது கண்ணும் மூக்கும் கன்னத்தில் கொஞ்சமும். எவ்வளவு நேரம்? கல்லாவைத் துடைத்துக்கொண்டு போக ஒரு நிமிடம் ஆகியிருக்குமா? அந்த ஒரு நிமிடத்தில் அவர் கண் எங்கே இருந்தது? பாராங் பிடித்தவன்தான் உங்கள் மகன் என்கிறார். ஆயுதம் நீட்டப்பட்டால் மனிதக் கண் ஆயுதத்தில் போய் ஒட்டிக்கொள்ளும், முகம் மங்கலாகத்தான் பதியும் என்பது உளவியல் ஆய்வாளர்கள் நீண்ட காலமாகச் சொல்லிவருவது. அதைச் சொல்ல நிபுணர்கூட வேண்டாம். கழுத்துக்கு நேரே பாராங்கைப் பார்த்த யாரையும் கேளுங்கள், பாராங்கின் கைப்பிடி என்ன நிறம் என்பதுவரை சொல்வார்கள்.

அடுத்தது, என் பார்வையில் உங்கள் வழக்கின் மிகப் பெரிய இடம். ‘சின்ன வயதிலிருந்து தெரியும்’ என்பது இரண்டு பக்கமும் வெட்டும். அரசுத் தரப்பு சொல்லும்: இது முன்பின் தெரியாத ஆள் இல்லை, தெரிந்த முகம், அதனால் தவறு நேர வாய்ப்புக் குறைவு. நியாயமான வாதம்தான். டர்ன்புல் வழக்கிலும் தெரிந்தவரை அடையாளம் காண்பது அந்நியரை அடையாளம் காண்பதைவிட நம்பகமானதாக இருக்கலாம் என்று சொல்லியிருக்கிறார்கள். ஆனால் நெருங்கிய சொந்தக்காரர்கள், நண்பர்கள் விஷயத்திலும் தவறு நடப்பதுண்டு என்று கூடவே சேர்த்திருக்கிறார்கள். அப்படிப் பார்த்தால் நம் கேள்வி இது. மிட்டாய் வாங்கிய காலத்திலிருந்து தெரிந்த பையன் பாராங்கோடு வந்து நின்றால், அன்று இரவு பாலாயில் வாயிலிருந்து முதலில் வர வேண்டியது எது? அவன் பெயர். பெயர் தெரியாவிட்டாலும், ‘இன்னார் மகன்’, ‘அந்த லயத்துப் பையன்’ என்றாவது. அது வரவில்லை. ‘ஒல்லி, இந்தியர்’ என்று வந்தது. நம் தோட்டங்களில் அந்த அடையாளத்துக்குப் பொருந்தாத இளைஞன் யார், சொல்லுங்கள்!

இதற்கு அரசுத் தரப்பிடம் பதில் உண்டு, அதற்கும் தயாராக இருங்கள். முதல் புகார் கலைக்களஞ்சியம் அல்ல, எல்லா விவரமும் அதில் இருக்க வேண்டியதில்லை என்று நீதிமன்றங்கள் பலமுறை சொல்லியிருக்கின்றன. பயந்துபோன ஒரு பெண் தமிழில் சொல்ல, பணியில் இருந்த போலீஸ்காரர் மலாயில் சுருக்கித் தட்டச்சு செய்திருப்பார் என்பதும் நடக்கக்கூடியதே. ஆனால் ஒரு சின்ன விவரம் விடுபடுவது வேறு, ஆளையே தெரியும் என்பது விடுபடுவது வேறு. இந்தக் கேள்வியை விசாரணையில் உங்கள் வழக்கறிஞர் அவரிடம் கேட்டாரா? கேட்டிருந்தால் அவர் என்ன பதில் சொன்னார்? அந்தப் பதிலைச் செஷன்ஸ் நீதிபதி எப்படி எடைபோட்டார்? கேட்கவே இல்லை என்றால் நிலைமை கொஞ்சம் பலவீனம்தான். கேட்கப்படாத கேள்விக்கு மேல்முறையீட்டில் புதிதாகப் பதில் உருவாக்க முடியாது. ஆனாலும் புகார் ஆவணமாகத் தாக்கல் ஆகியிருந்தால், அதில் பெயர் இல்லை என்பது காகிதத்திலேயே இருக்கிறது.

கைப்பேசிப் படத்துக்கு வருகிறேன். அணிவகுப்பு வைக்காதது தானாகவே வழக்கை உடைத்துவிடாது. நன்றாகத் தெரிந்த ஆள், கையும் களவுமாகப் பிடிபட்ட ஆள் என்றால் அணிவகுப்பு தேவையே இல்லை. ஆனால் ஒரே ஒருவரின் படத்தைக் காட்டி ‘இவனா?’ என்று கேட்பது அணிவகுப்புக்கு நேர் எதிர். அணிவகுப்பில் ஒத்த வயது, ஒத்த உடல்வாகு உள்ளவர்கள் வரிசையாக நிற்பார்கள், சாட்சி தேடிக் கண்டுபிடிக்க வேண்டும். ஒற்றைப் படத்தில் தேடவே வேண்டாம், ‘ஆமாம்’ சொன்னால் போதும். அதன் பிறகு அவர் மனதில் தங்குவது கடையில் பார்த்த முகமா, திரையில் பார்த்த முகமா என்று அவராலேயே பிரிக்க முடியாது. மாதக்கணக்கில் கழித்துக் கோர்ட்டில் கூண்டில் நிற்கும் ஒரே ஆளைக் காட்டுவதில் புதிதாக எதுவும் இல்லை. கூண்டில் வேறு யார் நிற்பார்கள்? கூண்டில் காட்டும் அடையாளத்துக்குத் தனியாக அதிக மதிப்பு இல்லை என்று நம் நீதிமன்றங்களும் எச்சரித்திருக்கின்றன.

இங்கே ஒரு வேலை இருக்கிறது. அந்தப் படத்தைக் காட்டிய போலீஸ்காரர் சாட்சி சொன்னாரா என்று பாருங்கள். ஏன் உங்கள் மகனின் படத்தை மட்டும் எடுத்தார்? யாரோ தகவல் கொடுத்தார்களா, கறுப்பு மோட்டார் என்பதாலா? அவரை அழைக்கவே இல்லை என்றால், 1950-ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 114-ஆவது பிரிவு, (ஜி) உதாரணத்தின்படி, மறைக்கப்பட்ட சாட்சியம் வந்திருந்தால் அரசுத் தரப்புக்கு எதிராகவே இருந்திருக்கும் என்று அனுமானிக்கக் கேட்கலாம். நீதிமன்றம் அதை ஏற்க வேண்டிய கட்டாயம் இல்லை, ஆனால் கேட்கும் அளவுக்குக் காரணம் இருக்கிறது.

மோட்டாரைப் பற்றி அதிகம் எழுத ஒன்றுமில்லை. கறுப்பு மோட்டார் ஆதரவுச் சாட்சியம் என்றால் பாதி பேராக் மாநிலம் உள்ளே போக வேண்டும். ஆனால் ஒரு எச்சரிக்கை. டர்ன்புல் என்ற பெயர் நல்ல விதியோடு ஒட்டிக்கொண்டாலும், டர்ன்புல் என்ற அந்த மனிதருடைய மேல்முறையீடு தள்ளுபடியானது. அவரைப் பார்த்தது ஒரு கண நேரம்தான், ஆனால் வேறு ஆதரவுச் சாட்சியம் இருந்தது. ஆகவே மோட்டாரில் ஏதாவது கூடுதல் அடையாளம், நம்பர் பிளேட்டில் சில எழுத்து, ஒரு ஸ்டிக்கர், இப்படி எதையாவது அந்த அக்கா முன்கூட்டியே சொல்லியிருந்தாரா என்று பதிவேட்டில் தேட வேண்டும். இருந்தால் மறைக்காமல் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். மேல்முறையீட்டில் நமக்குத் தெரியாத உண்மைதான் நம்மைக் கவிழ்க்கும்.

பட்டறை முதலாளி விஷயத்தில் ஆசை காட்ட மனமில்லை. குற்றம் நடந்தபோது வேறிடத்தில் இருந்தேன் என்ற வாதத்துக்கு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 402ஏ பிரிவின்படி அரசுத் தரப்புக்கு முன்கூட்டியே எழுத்தில் அறிவிப்புக் கொடுக்க வேண்டும். கொடுத்தார்களா என்று நீங்கள் எழுதவில்லை. மேல்முறையீட்டில் புதிய சாட்சியம் எடுக்க உயர்நீதிமன்றத்துக்கு 317-ஆவது பிரிவில் அதிகாரம் இருக்கிறது. ஆனால் முதல் கேள்வி, ‘விசாரணையின்போதே இது கிடைத்திருக்காதா?’ என்பதுதான். முதலாளி அதே ஊரில்தான் இருந்தார், பயந்தார் என்பது பலமான பதில் இல்லை. அவர் நினைவிலிருந்து சொல்வதோடு, அன்று வேலை முடித்த மோட்டாரின் ரசீது, கேமராப் பதிவு, கைப்பேசிச் செய்தி என்று நேரம் காட்டும் ஏதாவது இருக்கிறதா என்று இப்போதே பத்திரப்படுத்துங்கள். எதுவுமே இல்லாவிட்டாலும் ஒன்று நினைவில் இருக்கட்டும். உங்கள் மகன் தான் குற்றமற்றவன் என்று நிரூபிக்க வேண்டியதில்லை. நியாயமான சந்தேகம் ஒன்று எழுந்தாலே போதும், அரசுத் தரப்புதான் அதைத் தாண்ட வேண்டும்.

தண்டனை கூடுமா? கூடலாம் என்பதை மறைக்க மாட்டேன். 316-ஆவது பிரிவு உயர்நீதிமன்றத்துக்குத் தண்டனையைக் குறைக்கவும் கூட்டவும் அதிகாரம் தருகிறது. அரசுத் தரப்பும் தண்டனை போதாது என்று தன் பங்குக்கு மேல்முறையீடு போடலாம். அவர்கள் போட்டிருக்கிறார்களா என்று பதிவகத்தில் விசாரியுங்கள். போடவில்லை என்றால், குற்றத் தீர்ப்பில் இவ்வளவு கேள்வி இருக்கும் ஒரு வழக்கை அந்தப் பயத்தில் விட்டுவிடுவது புத்திசாலித்தனம் இல்லை என்பது என் கருத்து.

தண்டனையை மட்டும் தனியாக எடுத்துப் பார்த்தால், அம்மா, எனக்கு அவ்வளவு நம்பிக்கை இல்லை. குற்றவியல் சட்டம் 392-ஆவது பிரிவில், சூரியன் மறைந்த பிறகு நடந்த கொள்ளைக்கு 14 ஆண்டு வரை சிறை உண்டு. ஆயுதம் இருந்தால் 397-ஆவது பிரிவு சேர்ந்து ரோத்தான் வருகிறது. அந்த அளவுகோலில் 6 ஆண்டு என்பது பார்த்தவுடன் அநியாயம் என்று தோன்றும் எண் அல்ல. மேல் நீதிமன்றம் ‘நான் இருந்திருந்தால் ஐந்து கொடுத்திருப்பேன்’ என்பதற்காகக் குறைக்காது. தண்டனை வெளிப்படையாக மிகையாக இருக்க வேண்டும், அல்லது கொள்கையில் தவறு இருக்க வேண்டும், அல்லது கவனிக்க வேண்டிய ஒன்றை விட்டிருக்க வேண்டும். முதல் குற்றம், இளம் வயது, யாருக்கும் காயமில்லை என்பவை உதவும். ஆனால் ஆயுதக் கொள்ளையில் பொதுநலன் என்ற தட்டு எப்போதும் கனமாகத்தான் இருக்கும். தோட்டத்துக் கடையில் இரவில் தனியாக உட்கார்ந்திருக்கும் பெண்கள் எல்லோரும் அந்தத் தட்டில் இருக்கிறார்கள். குற்றத்தை ஒப்புக்கொண்டால் கிடைக்கும் சலுகை, விசாரணை கேட்டவருக்குக் கிடைக்காது. அதற்காக விசாரணை கேட்டதற்குத் தண்டனையைக் கூட்டவும் கூடாது. தீர்ப்பில் அப்படி ஒரு தொனி தென்பட்டால் அது நல்ல வாதம்.

ஒன்றை மட்டும் கட்டாயம் பாருங்கள். ஜாமீன் கிடைக்கும் முன் நான்கு மாதம் உள்ளே இருந்தான் அல்லவா? சிறைத் தண்டனை தீர்ப்பு நாளிலிருந்துதான் தொடங்கும், நீதிமன்றம் வேறு மாதிரி உத்தரவிட்டால் தவிர. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 282-ஆவது பிரிவு அது. அந்த நான்கு மாதத்தைக் கணக்கில் எடுக்கச் சொல்லி யாராவது கேட்டார்களா? கேட்கவில்லை என்றால் இப்போது கேட்கலாம். பெரிய சட்ட வாதம் எதுவும் தேவைப்படாத கோரிக்கை இது. சிறையில் ஒழுங்காக இருப்பவருக்குத் தண்டனையில் மூன்றில் ஒரு பங்கு வரை கழிவு உண்டு என்பதையும் மகனிடம் சொல்லுங்கள். அடுத்த மாதங்களை அவன் எப்படிக் கடத்துகிறான் என்பது அவன் வெளியே வரும் நாளைப் பாதிக்கும். மேல்முறையீடு முடியும்வரை தண்டனையை நிறுத்திவைக்கவும் ஜாமீன் தரவும் 311-ஆவது பிரிவில் விண்ணப்பிக்கலாம். ரோத்தானுக்குத் தனியாகக் கேட்க வேண்டியதில்லை, அதே பிரிவின்படி மேல்முறையீடு முடியும்வரை அது தானாகவே நிறுத்திவைக்கப்படும். சிறை நாட்களுக்காவது கழிவு உண்டு, அடித்த அடியைத் திரும்ப எடுக்க முடியாது.

நீதிபதிக்குக் கடிதம் எழுதாதீர்கள். வழக்கு நடக்கும்போது ஒரு தரப்பு நேரடியாக நீதிபதிக்கு எழுதுவதே முறையில்லை. அதோடு ‘என் மகனை மன்னியுங்கள்’ என்று எழுதிவிட்டு ‘என் மகன் செய்யவில்லை’ என்று எப்படி வாதிடுவது? உங்களுக்குச் சொல்ல இருப்பதை, அவன் வேலை, குடும்ப நிலைமை எல்லாவற்றையும், வழக்கறிஞரிடம் சொல்லுங்கள். அவர் உரிய இடத்தில் வைப்பார்.

8,000 வெள்ளி ஆள் யாராக இருந்தாலும் அவர் பக்கம் போகாதீர்கள். ஊழல் தடுப்புச் சட்டத்தில் கொடுப்பவரும் குற்றவாளிதான். நிறைய நேரம் அந்தப் பணம் கோர்ட் வாசலைக்கூட எட்டாது, ஜெயித்தால் ‘நான்தான் முடித்தேன்’, தோற்றால் ‘மேலே பிரச்சினை’ என்பதுதான் அவர்கள் வியாபாரம். வழக்கறிஞருக்குக் கொடுக்க வழியில்லை என்றால் தேசியச் சட்ட உதவி அறவாரியம் இருக்கிறது, மலாயில் யாயாசான் பந்துவான் குவாமான் கெபாங்சாஆன். 2012-லிருந்து மலேசியக் குடிமக்களுக்குக் குற்றவியல் வழக்குகளில் உதவுகிறார்கள், மேல்முறையீடும் அதில் சேர்த்தி. வருமான வரம்பு உண்டு, உங்கள் குடும்ப நிலைமைக்குக் கேட்டுப் பார்க்கலாம். வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையங்களும் இருக்கின்றன.

அந்த அக்கா வீட்டுக்குப் போவது பற்றி. போகாதீர்கள், ஆள் அனுப்பாதீர்கள், கோவிலில் பார்த்தால்கூட வழக்கைப் பற்றி வாயைத் திறக்காதீர்கள். நீங்கள் கண்ணீரோடு போய் நின்றாலும் அது சாட்சியை மிரட்டியது என்று பாலாயில் பதிவாகும். அவர் மனம் மாறி ‘தப்பாகச் சொல்லிவிட்டேன்’ என்றாலும், சத்தியம் செய்து சொன்னதை மாற்றுகிறவர் பொய்ச் சாட்சி வழக்கில் மாட்டுவார், நீதிமன்றமும் அந்த மாற்றத்தைச் சந்தேகத்தோடுதான் பார்க்கும். இருவருக்கும் நஷ்டம். சாமான் வாங்க அந்தக் கடைக்கு நீங்கள் போகலாமா என்றால், கொஞ்ச நாளைக்கு வேறு கடைக்குப் போங்கள். அவரும் அன்று இரவு பாராங்கைப் பார்த்தவர். மகன் மேல் தப்பில்லை என்று நீங்கள் நம்புவதற்கு, அவர் மேல் தப்பிருக்க வேண்டிய அவசியமில்லை.

மேல்முறையீட்டு அறிவிப்புக்குப் பிறகு விசாரணைக் குறிப்புகளும் தீர்ப்புக் காரணங்களும் அடங்கிய பதிவேடு தயாராகும். அதற்கு மாதங்கள் ஆகலாம். அது வந்த பிறகுதான் காரணங்களை விவரமாக எழுதும் மனு, அதற்கும் நாள் கெடு உண்டு, பதிவேடு கைக்கு வந்த தேதியைக் குறித்துவையுங்கள். செஷன்ஸ் நீதிமன்ற வழக்கு என்பதால் உயர்நீதிமன்றத்தில் தோற்றாலும் புத்ராஜெயாவில் மேல்முறையீட்டு நீதிமன்றம் இருக்கிறது, அதோடு முடிந்தது. ஆகவே உயர்நீதிமன்றத்துக்கே முழு பலத்தோடு போங்கள். பதிவேடு வந்ததும் வழக்கறிஞரிடம் மூன்று பக்கங்களை முதலில் திறக்கச் சொல்லுங்கள். ஒன்று, கடைக்கார அக்காவைக் குறுக்கு விசாரணை செய்த இடம், அதில் அன்றிரவுப் புகாரைப் பற்றிய பதில். இரண்டு, கைப்பேசிப் படத்தைப் பற்றி யார் பேசினாலும் அந்த வரிகள். மூன்று, தீர்ப்புக் காரணங்களில் வெளிச்சம், ஹெல்மட், நேரம் இவற்றை நீதிபதி தொட்ட பத்தி. அந்தப் பத்தியே இல்லை என்றால் எனக்கும் ஒரு வரி எழுதுங்கள்.